'பரிசீலிக்கவும்' என்றால் எத்தனை வருஷம்?

ரயில்வே ஊழியர் ஒருவர் வேலையில் இருக்கும்போதே இறந்துவிட்டால், காரியம் முடிந்து உறவினர்கள் ஊருக்கு ரயிலேறிய மறுநாள் அந்த வீட்டில் எழுகிற முதல் கேள்வி வேலையைப் பற்றியதுதான். மகனுக்குக் கொடுப்பார்களா, மகளுக்குக் கொடுப்பார்களா, எழுதப் படிக்கத் தெரியாத மனைவியே போய் நிற்க வேண்டியிருக்குமா? மாதுங்கா, பரேல் ஒர்க்‌ஷாப்புகளிலும், தண்டவாளத்தை ஒட்டிய ரயில்வே குவாட்டர்ஸ்களிலும், தாராவியின் சந்துகளிலும் இந்தக் கேள்வி மூன்று தலைமுறையாகக் கேட்கப்பட்டு வருகிறது.

ஜனங்கள் இதை 'வாரிசு வேலை' என்கிறார்கள். அரசாங்கம் 'கருணை அடிப்படையில் நியமனம்' என்கிறது. இரண்டும் ஒன்றல்ல. வாரிசு என்றால் உரிமை. கருணை என்றால் கொடுப்பவர் மனசு. கோர்ட்டுகள் முப்பது வருஷத்துக்கு மேலாக இந்த இரண்டு சொற்களுக்கும் நடுவில் ஒரு கோடு கிழிக்கப் பார்க்கின்றன. கோடு எங்கே விழுகிறது என்பது தெரியாமல் பல குடும்பங்கள் பத்து வருஷம், பதினைந்து வருஷம் ஆபீஸ் வாசலில் நின்று, கடைசியில் 'காலம் கடந்துவிட்டது' என்ற ஒரு வரிப் பதிலோடு வீடு திரும்புகின்றன.

காலத்தைக் கடத்தியது யார் என்பதுதான் இங்கே கேட்க வேண்டிய கேள்வி.

ஆபீஸில் நடப்பதை முதலில் பார்க்கலாம். விதவை மனு கொடுக்கிறார். மரணச் சான்றிதழ், ரேஷன் கார்டு, பிள்ளைகளின் பள்ளிச் சான்றிதழ், சொத்து உண்டா இல்லையா என்ற விவரம் எல்லாம் இணைக்க வேண்டும். வெல்ஃபேர் இன்ஸ்பெக்டர் வீட்டுக்கு வந்து விசாரித்து ரிப்போர்ட் எழுதுவார். பிறகு ஸ்க்ரீனிங், பிறகு மெடிக்கல். காகிதத்தில் இது சில மாத வேலை. ஆனால் மும்பைத் தமிழர் குடும்பத்தின் காகிதம் அப்படி நேராக நகருவதில்லை. சர்வீஸ் ரிஜிஸ்டரில் இனிஷியலோடு ஒரு பெயர்; ரேஷன் கார்டில் தகப்பனார் பெயரைக் குடும்பப் பெயராக்கி வேறொரு பெயர்; திருநெல்வேலிப் பக்கத்துக் கிராமப் பள்ளிக்கூடச் சான்றிதழில் மூன்றாவது பெயர். மூன்றும் ஒரே ஆள்தான் என்று நிரூபிக்க அஃபிடவிட், கெஜட் விளம்பரம், ஊரிலுள்ள தாசில்தார் ஆபீசுக்கு இரண்டு நடை. சான்றிதழ் தமிழில் இருந்தால் அதற்கு மொழிபெயர்ப்பு, மொழிபெயர்ப்புக்கு அத்தாட்சி. இதற்குள் ஒரு வருஷம் ஓடிவிடும். பைலைப் பார்த்த கிளார்க் மாற்றலாகிப் போயிருப்பார். குவாட்டர்ஸைக் காலி செய்யச் சொல்லும் கடிதம் மட்டும் தவறாமல் வரும்.

மனு தள்ளுபடியானாலோ, பதிலே வராவிட்டாலோ எங்கே போவது? ரயில்வே, தபால், வருமானவரி போன்ற மத்திய அரசு ஊழியர்களுக்கும் அவர்கள் குடும்பத்துக்கும் இருக்கும் முதல் படி, மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். 'கேட்' என்று யூனியன்காரர்கள் சொல்வது இதைத்தான். 1976-ல் அவசர நிலைக் காலத்தில் வந்த 42-வது அரசியல் சட்டத் திருத்தம் இதற்கு வழி செய்தது. 1985-ல் சட்டம் இயற்றப்பட்டு அதே வருஷம் நவம்பர் 1-ந் தேதி தீர்ப்பாயம் பிறந்தது. முதலில் ஏற்பட்ட கிளைகளில் பம்பாயும் ஒன்று, சென்னையும் ஒன்று. ஐகோர்ட்டில் சர்வீஸ் வழக்குகள் மலையாகக் குவிகின்றன, சிப்பந்திகளுக்குச் சீக்கிரம், செலவில்லாமல் நியாயம் கிடைக்கட்டும் என்பது அன்று சொல்லப்பட்ட காரணம். மனுவுக்குக் கட்டணம் 50 ரூபாய்தான். அந்த மட்டில் சொன்னதைச் செய்தார்கள்.

அந்தச் சட்டத்தின் 28-வது பிரிவு ஐகோர்ட்டின் கதவை அடைத்திருந்தது. தீர்ப்பாயம் சொன்னதை எதிர்த்தால் நேராக டில்லிக்கு, உச்ச நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும். ஒரு கலாசியின் விதவை டில்லிக்குப் போவாளா? இந்த அநியாயத்தை 1997 மார்ச் 18-ந் தேதி ஏழு நீதிபதிகள் கொண்ட உச்ச நீதிமன்ற அமர்வு நீக்கியது. சந்திரகுமார் வழக்கு என்று வக்கீல்கள் சொல்வது அதைத்தான். ஐகோர்ட்டுக்கு அரசியல் சட்டத்தின் 226, 227-வது ஷரத்துகள் தந்திருக்கும் அதிகாரத்தை யாரும் பறிக்க முடியாது, அது அரசியல் சட்டத்தின் அடிப்படை அமைப்பைச் சேர்ந்தது, தீர்ப்பாயத்தின் முடிவை இரண்டு நீதிபதிகள் அமர்ந்த ஐகோர்ட் பெஞ்ச் பரிசீலிக்கலாம் என்று அந்தத் தீர்ப்பு சொன்னது.

நல்ல தீர்ப்பு. ஆனால் கதவு இரண்டு பக்கமும் திறக்கும் அல்லவா? விதவைக்குத் திறந்த அதே கதவு இலாகாவுக்கும் திறந்தது. தீர்ப்பாயத்தில் குடும்பம் ஜெயித்தால் இலாகா ஐகோர்ட்டுக்குப் போகிறது. அங்கேயும் குடும்பம் ஜெயித்தால் உச்ச நீதிமன்றத்துக்குப் போகிறது. இலாகாவுக்கு வக்கீல் பீஸ் அரசாங்கப் பணம். குடும்பத்துக்கு அது பென்ஷன் பணம். மூன்று படி ஏறி முடிப்பதற்குள் மனு கொடுத்தபோது பதினெட்டு வயதாக இருந்த பையனுக்கு முப்பது தாண்டிவிடும். அப்போது எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து, 'இத்தனை வருஷம் இந்தக் குடும்பம் எப்படியோ பிழைத்துவிட்டதே, இனி எதற்குக் கருணை?' என்று கேட்பார். கேட்டிருக்கிறார்கள், கோர்ட்டும் பல தடவை அதை ஏற்றிருக்கிறது.

இந்த இடத்தில் கோர்ட்டுகளின் கட்சியையும் நேர்மையாகச் சொல்லியாக வேண்டும். 1994-ல் ஹரியானா அரசு சம்பந்தப்பட்ட நாக்பால் வழக்கில் உச்ச நீதிமன்றம் போட்ட அடித்தளம் இன்றுவரை ஆடவில்லை. அரசாங்க வேலை எல்லாருக்கும் பொதுவானது. போட்டியில் தகுதி பார்த்துத்தான் கொடுக்க வேண்டும். கருணை நியமனம் அதற்கு ஒரு விலக்கு. சம்பாதித்தவர் திடீரென்று போனதால் குடும்பம் தவிக்கிற அந்த நேரத்துக் கஷ்டத்தைத் தாண்டிவிட உதவுவதே அதன் நோக்கம். அதைச் சொத்துப் போல எப்போது வேண்டுமானாலும் கேட்டு வாங்க முடியாது என்பது அதன் சாரம். அதே வருஷம் எல்.ஐ.சி. வழக்கொன்றில் பம்பாய் ஐகோர்ட் நேரடியாக வேலை கொடுக்கச் சொன்னதை உச்ச நீதிமன்றம் மாற்றியது. குடும்பத்தில் வேறொருவர் சம்பாதிக்கும்போது வேலை கிடையாது என்று விதி இருக்கையில், இரக்கப்பட்டு ஐகோர்ட்டோ தீர்ப்பாயமோ வரம் கொடுக்கும் வேலையில் இறங்கக்கூடாது என்றது.

இதில் தவறு காண்பது கடினம். தாராவியிலும் சீத்தா கேம்பிலும் படித்துவிட்டு வேலையில்லாமல் இருக்கும் பிள்ளைகள் ஏராளம். அவர்களின் தகப்பனார் ரயில்வேயில் இல்லை. தோல் கிடங்கிலோ இட்லிக் கடையிலோ உழைத்துச் செத்தவர்கள். அவர்களுக்குக் கருணை நியமனம் கிடையாது. ரயில்வே பரீட்சை எழுதக் காத்திருக்கும் அந்தப் பிள்ளைக்குப் போக வேண்டிய இடங்களில் ஒன்றுதான் வாரிசுக்குப் போகிறது. அப்பன் வேலை பிள்ளைக்கு என்பது நியாயமாகாது. இதையே வேறொரு திட்டத்தில் ரயில்வே செய்து கெட்டதும் நினைவிருக்கும். பாதுகாப்புப் பிரிவு ஊழியர் விருப்ப ஓய்வு பெற்றால் பிள்ளைக்கு வேலை என்ற 'லார்ஸ்கெஸ்' திட்டம் சமத்துவத்துக்கு விரோதம் என்று பஞ்சாப்-ஹரியானா ஐகோர்ட் 2016-ல் சொன்னது. ரயில்வே போர்டு 2018-ல் அதை முடித்துவிட்டது. உயிரோடு இருப்பவர் வேலையைக் கைமாற்றுவதும், பணியில் இருந்தவர் செத்துப்போய்க் குடும்பம் நடுத்தெருவில் நிற்பதும் ஒன்றாகாது என்பதை மட்டும் இங்கே சேர்த்துச் சொல்ல வேண்டும். சில அதிகாரிகள் இரண்டையும் ஒரே தராசில் போடுகிறார்கள்.

ஆக, கருணை என்பது உரிமையல்ல என்று கோர்ட் சொல்வது சரி. கஷ்டம் இருக்கும்போதுதான் உதவ வேண்டும் என்பதும் சரி. அப்படியானால் கஷ்டம் இருக்கும்போதே மனுவைத் தீர்க்க வேண்டாமா? நெருப்பு எரியும்போது தண்ணீர் கொடுக்காமல், சாம்பலான பிறகு 'இப்போது நெருப்பில்லையே' என்று சொல்வதில் என்ன நியாயம்?

ஒரிசாவிலிருந்து வந்த வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகவே பேசியிருக்கிறது. கலால் இலாகா ஊழியர் 2010-ல் இறந்தார். மகன் அதே வருஷம் மனு கொடுத்தார். பைல் பத்து வருஷம் அங்கும் இங்கும் அலைந்தது. அதற்குள் 2020-ல் புது விதிகள் வந்துவிட்டன. புது விதிப்படிதான் பார்ப்போம் என்றது இலாகா. உச்ச நீதிமன்றம் 2022 மே மாதம் தீர்ப்பளித்தபோது, மனுதாரர் மீது எந்தக் குற்றமும் இல்லை, தாமதம் இலாகாவுடையது, பழைய விதிப்படியே வேலை கொடுங்கள் என்றது. அதோடு நிற்கவில்லை. இப்படிப்பட்ட மனுக்களை, காகிதங்கள் பூரணமாக வந்த நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் முடிவு செய்தாக வேண்டும் என்றும் சொன்னது.

ஆறு மாதம்! மும்பையில் எத்தனை பைல்கள் ஆறு மாதத்தில் முடிகின்றன என்று எந்தப் பர்சனல் கிளார்க்கைக் கேட்டாலும் முகத்தைத் திருப்பிக்கொள்வார்.

இந்தத் தீர்ப்புக்கு அப்புறமும் எல்லா வழக்கும் ஒரே மாதிரி முடியவில்லை. 2023-ல் மேற்கு வங்காள வழக்கொன்றில் காலம் கடந்த காரணத்தால் மனுதாரர்கள் தோற்றார்கள். 2024 நவம்பரில் ஹரியானா வழக்கு. போலீஸ்காரர் ஒருவர் 1997-ல் பணியின்போது இறந்தார். மகனுக்கு அப்போது ஏழு வயது. மேஜரானதும் வேலை கேட்டார். அந்த மாநிலத்து விதியின் கெடு தாண்டிவிட்டது என்று உச்ச நீதிமன்றம் வரை தோல்வி. கருணைக்கும் உரிமைக்கும் நடுவே இருக்கும் கோடு அங்கே இரக்கமில்லாமல் விழுந்தது. ஆனாலும் தாயார் கருணைத் தொகை கேட்டு மனுச் செய்யலாம், அதை ஆறு வாரத்தில் முடிக்க வேண்டும் என்று கோர்ட் கையோடு ஒரு வழியையும் காட்டியது. ஏழு வயதுப் பிள்ளை எப்படிக் கெடுவுக்குள் வேலை கேட்கும் என்ற கேள்விக்கு அந்த விதியில் பதில் இல்லை. ரயில்வேயில் இந்த விஷயம் சற்று இளக்கமானது. சாதாரணமாக ஐந்து வருஷக் கெடு என்றாலும், பிள்ளை சிறுவனாக இருந்தால் பிற்பாடு பார்க்க ஜெனரல் மானேஜருக்கு அதிகாரம் உண்டு. ஆனால் பிள்ளை மேஜரான கையோடு மனு போயிருக்க வேண்டும். 'பி.ஏ. முடித்த பிறகு கேட்கலாம், கிளார்க் வேலையாகக் கிடைக்கும்' என்று இருந்துவிட்டு ஏமாந்த குடும்பங்கள் உண்டு.

இனி தீர்ப்பாயத்தின் பங்கு. தீர்ப்பாயமோ ஐகோர்ட்டோ சாதாரணமாக 'வேலை கொடு' என்று உத்தரவிடுவதில்லை. 'பரிசீலி' என்றுதான் சொல்லும். சட்டப்படி அது சரிதான். வேலை கொடுக்கும் அதிகாரம் இலாகாவுக்கு. இலாகா விதியைச் சரியாகப் பார்த்ததா, பார்க்க வேண்டியதைப் பார்த்ததா, பார்க்கக் கூடாததைப் பார்த்ததா, காரணம் சொன்னதா என்று ஆராய்வதே நியாயஸ்தலத்தின் வேலை. முடிவு பிடிக்கவில்லை என்பதற்காக அதிகாரி நாற்காலியில் நீதிபதி உட்கார முடியாது. ஐகோர்ட்டின் வேலை அதிலும் குறுகலானது. தீர்ப்பாயம் சட்டத்தைத் தப்பாகப் படித்ததா, சாட்சியமே இல்லாத முடிவுக்கு வந்ததா என்பதைத்தான் பார்க்கும். மறுபடி முதலிலிருந்து விசாரிக்காது.

ஆனால் பைலைப் புரட்டாமலே, கட்சிகளைக் கேட்காமலே, 'மனுதாரரின் விண்ணப்பத்தைச் சட்டப்படி பரிசீலித்து முடிவு செய்க' என்று ஒரு பக்கத்தில் எழுதி வழக்கை முடிப்பது பழக்கமாகிவிட்டது. விதவை வெளியே வரும்போது வக்கீல், 'ஜெயித்துவிட்டோம்' என்கிறார். வீட்டில் லட்டு வாங்குகிறார்கள். மூன்று மாதம் கழித்து இலாகாவிலிருந்து கடிதம்: பரிசீலித்தோம், தள்ளுபடி. மறுபடி தீர்ப்பாயம், மறுபடி பரிசீலனை. சென்னையிலிருந்து போன ஒரு மத்திய அரசு வழக்கில் தகப்பனார் இறந்தது 1996-ல். மகனின் வழக்கு இப்படிப் பரிசீலனைகளாகவே வளர்ந்து 2019-ல் உச்ச நீதிமன்றத்தில் போய் முடிந்தது, தோல்வியில். விண்ணப்பத்தை முடிவு செய்க என்பது ஒரு மந்திரம் போல ஆகிவிட்டது, கோர்ட்டின் சுமை குறையலாம், நியாயத்துக்கு அதனால் தொண்டு இல்லை என்று அந்தத் தீர்ப்பில் நீதிபதிகள் வருத்தத்தோடு எழுதினார்கள். அதற்கு முன்னால் 2008-ல் தமிழ்நாட்டிலிருந்து போன வேறு மாதிரி சர்வீஸ் வழக்கொன்றிலும் இதே கதை. வேலை போய்ப் பதினெட்டு வருஷம் கழித்துக் கொடுத்த மனுவைப் பரிசீலிக்கச் சொன்னதால் செத்த வழக்குக்கு உயிர் வந்துவிடாது என்றது உச்ச நீதிமன்றம்.

உச்ச நீதிமன்றத்தின் இந்தக் கோபம் தீர்ப்பாயங்களுக்குப் போய்ச் சேர வேண்டும்; ஆனால் அடி விழுந்தது மனுதாரர் முதுகில். முதல் தடவை வந்தபோதே தீர்ப்பாயம் பைலை வரவழைத்து, தகுதி உண்டா இல்லையா என்று சொல்லியிருந்தால், அந்தப் பிள்ளை வேறு வேலை தேடிப் போயிருப்பான். இல்லை என்ற பதிலும் ஒரு பதில்தான். சீக்கிரம் வந்தால் அதுவும் உபகாரமே.

மகாராஷ்டிரத்து வழக்கொன்று இன்னும் வேடிக்கையானது. அரசு ஊழியரான தகப்பனார் இறந்தார். தாயாருக்குக் கருணை வேலை கிடைத்தது. தாயாரும் வேலையில் இருக்கும்போதே இறந்தார். கல்யாணமான மகள் வேலை கேட்டார். மகாராஷ்டிர நிர்வாகத் தீர்ப்பாயம் பரிசீலிக்கச் சொன்னது. பம்பாய் ஐகோர்ட் அதை ஆமோதித்தது. 2022 செப்டம்பர் 30-ந் தேதி உச்ச நீதிமன்றம் இரண்டையும் தள்ளியது. கல்யாணமானவர் தாயாரை நம்பி வாழ்ந்தவர் என்று சொல்ல முடியாது, தாயார் போயும் பல வருஷம் ஆகிவிட்டது என்பது காரணம். கல்யாணம் என்ற ஒரே காரணத்துக்காக மகளை ஒதுக்குவது தப்பு என்று பல ஐகோர்ட்டுகள் சொல்லியிருப்பதையும் மறக்கக் கூடாது; கல்யாணமான மகனை யாரும் ஒதுக்குவதில்லையே! யாரை நம்பி யார் வாழ்ந்தார்கள் என்று அந்தந்தக் குடும்பத்தைப் பார்த்துத்தான் சொல்ல வேண்டும். புருஷன் விட்டுப்போய்த் தகப்பன் வீட்டில் பிள்ளையோடு இருக்கும் பெண்கள் செம்பூரிலும் உண்டு, செங்கோட்டையிலும் உண்டு. இந்த விசாரணையைத்தான் வெல்ஃபேர் இன்ஸ்பெக்டர் சரியாகச் செய்து எழுத வேண்டும். அவர் ரிப்போர்ட்டில் ஒரு வரி விட்டுப்போனால், மேலே மூன்று கோர்ட்டுகளிலும் அந்த வரி இல்லாமலே போகும். கோர்ட்டில் கண்ணீருக்கு இடமில்லை, காகிதத்துக்குத்தான் இடம்.

இன்னொரு விஷயம் உண்டு. இதை மேடையில் யாரும் பேசுவதில்லை, பேசியாக வேண்டும். ஊரில் ஒரு மனைவி, மும்பையில் ஒரு மனைவி என்று இருந்தவர் போய்விட்டால் ஆபீஸ் வாசலில் இரண்டு குடும்பங்கள் வந்து நிற்கின்றன. ரயில்வே போர்டு 1992 ஜனவரி 2-ந் தேதி ஒரு சர்க்குலர் போட்டது: முதல் மனைவி இருக்கும்போது கட்டிய இரண்டாவது மனைவிக்கும் அவள் பிள்ளைகளுக்கும் கருணை வேலை கிடையாது என்று. கல்கத்தா ஐகோர்ட் 2010-ல், பிள்ளைகளைப் பொறுத்த மட்டில் அது செல்லாது என்றது. அப்படியும் ரயில்வே அதைக் கைவிடவில்லை. பம்பாய் ஐகோர்ட்டிலிருந்து போன ரயில்வே வழக்கில்தான் உச்ச நீதிமன்றம் 2018 டிசம்பர் 11-ந் தேதி முடிவாகச் சொன்னது. இந்துத் திருமணச் சட்டத்தின் 16-வது பிரிவு, செல்லாத கல்யாணத்தில் பிறந்த பிள்ளையையும் சட்டபூர்வமான பிள்ளை என்கிறது; சட்டமே பிள்ளை என்று ஏற்றவரை ஒரு சர்க்குலர் வெளியே நிறுத்த முடியாது என்றது. அப்புறமும் பீகார்ப் பக்கத்தில் இதே மாதிரி ஒரு ரயில்வே வழக்கைத் தீர்ப்பாயமும் பாட்னா ஐகோர்ட்டும் தள்ள, 2022 பிப்ரவரி 24-ந் தேதி உச்ச நீதிமன்றம் மறுபடியும் அதையே சொல்ல வேண்டியிருந்தது. பிறப்பைக் காரணம் காட்டி அரசு வேலையில் பாகுபாடு கூடாது என்று 16-வது ஷரத்து சொல்கிறதே என்று நினைவூட்டி, மனுவை மூன்று மாதத்தில் பார்க்கச் சொன்னார்கள்.

இதனால் இரண்டாவது வீட்டுப் பிள்ளைக்குத்தான் வேலை என்று ஆகிவிடாது. வாசலிலேயே விரட்டக் கூடாது, அவ்வளவுதான். இரண்டு வீடுகளில் எது அதிகக் கஷ்டத்தில் இருக்கிறது, யார் யாரைக் காப்பாற்ற ஒப்புக்கொள்கிறார்கள் என்று பார்த்து இலாகா முடிவு செய்யலாம். இரண்டு தாயாரும் ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் ஒத்துப்போய், வேலை ஒருவருக்கு, பணம் மற்றவருக்கு என்று எழுதிக் கொடுத்தால் பைல் நகரும். சண்டை போட்டால் இருவருமே கோர்ட் படியில் கிழவிகளாவார்கள். அப்பன் செய்த காரியத்துக்குப் பிள்ளைக்குத் தண்டனை கூடாது என்று சொல்ல ஒரு விதவை உச்ச நீதிமன்றம் வரை போகவேண்டி வந்தது என்றால், அது ரயில்வேக்குப் பெருமையல்ல.

மாநகராட்சித் துப்புரவுத் தொழிலாளர் விஷயம் தனி. தாராவித் தமிழர் பலருக்கு அதுதான் சோறு. அவர்களின் வாரிசு நியமனம் கருணைத் திட்டத்தின் கீழ் வருவதல்ல. லாட்-பாகே கமிட்டி சிபாரிசின்படி மகாராஷ்டிர அரசு ஏற்ற தனி ஏற்பாடு. 2023 பிப்ரவரி 24-ந் தேதி அரசாணை அதைத் தொகுத்து எழுதியிருக்கிறது. அவர்கள் 'கேட்'டுக்கோ, 1991-ல் ஏற்பட்ட மகாராஷ்டிர நிர்வாகத் தீர்ப்பாயத்துக்கோ போக முடியாது. முன்னது மத்திய அரசு ஊழியருக்கு, பின்னது மாநில அரசு ஊழியருக்கு. மாநகராட்சி ஆட்கள் தொழிலாளர் கோர்ட்டுக்கோ ஐகோர்ட்டுக்கோதான் போக வேண்டும். தப்பான வாசலில் இரண்டு வருஷம் நின்றுவிட்டு, 'இங்கே அதிகாரமில்லை' என்று கேட்டுத் திரும்பியவர்கள் உண்டு. இதைச் சொல்லித் தர ஒரு தமிழ்ச் சங்கம் கூட வாரத்தில் ஒரு மணி நேரம் ஒதுக்காதது குறைதான். பொங்கல் விழாவுக்கும் பட்டிமன்றத்துக்கும் ஆள் சேருகிறதே!

ரயில்வே நிர்வாகம் செய்ய வேண்டியது ஒன்றும் புதிதல்ல. உச்ச நீதிமன்றம் சொன்ன ஆறு மாதத்தை ஒவ்வொரு டிவிஷனும் கடைப்பிடிக்க வேண்டும். மனு வந்த தேதியும், எந்த மேஜையில் எத்தனை நாள் இருந்தது என்பதும் பைலின் முதல் பக்கத்தில் இருக்க வேண்டும். வழக்கு வந்தால் அந்தப் பக்கம் தீர்ப்பாயத்தில் வைக்கப்பட வேண்டும். தாமதம் இலாகாவுடையது என்று அந்தப் பக்கமே காட்டினால், 'காலம் கடந்தது' என்ற வாதத்தை எழுப்ப இலாகா வக்கீலுக்கு வாய் வரக்கூடாது. குடும்பம் தீர்ப்பாயத்தில் ஜெயித்த வழக்கில், சட்டக் கேள்வி ஏதும் இல்லாமல் கௌரவத்துக்காக ஐகோர்ட்டுக்குப் போகும் வழக்கத்தையும் விட வேண்டும். தீர்ப்பாயமும் 'பரிசீலிக்கவும்' என்று எழுதும்போது, எந்த விதியின் கீழ், எந்த அம்சங்களை, எந்தத் தேதிக்குள் என்று மூன்றையும் எழுதட்டும். தள்ளுபடி செய்தால் காரணம் என்ன என்பதையும் கேட்டு வாங்கட்டும்.

குடும்பங்கள் கவனிக்க வேண்டியதும் உண்டு. தள்ளுபடிக் கடிதம் வந்த நாளிலிருந்து ஒரு வருஷத்துக்குள் தீர்ப்பாயத்தில் மனு விழ வேண்டும். மேல் அதிகாரிக்கு முறைப்படி அனுப்பிய அப்பீலுக்குப் பதிலே வரவில்லையென்றால் ஆறு மாதம் பார்த்துவிட்டு, அதற்கடுத்த ஒரு வருஷத்துக்குள் போக வேண்டும். நடுவில் மந்திரிக்கு, எம்.பி.க்கு, ஜெனரல் மானேஜருக்கு என்று எத்தனை ஞாபகக் கடிதம் போட்டாலும் அந்தக் கெடு நீளாது. யூனியன் காரியதரிசி 'பார்த்துக்கொள்கிறேன்' என்று சொன்னதும் கெடுவை நிறுத்தாது. கடிதம் வந்த கவரைக் கூடத் தூக்கிப் போடாமல் வைத்திருக்க வேண்டும். தபால் முத்திரைத் தேதி அதில்தான் இருக்கிறது.